ஒரே எண்ணை இருமுறை சொல்லாத சாவி: கீலாக் காப்புரிமை பற்றிய ஒரு நிகழ்வு ஆய்வு

என் மேசையில் ஒரு பழைய கேட் ரிமோட் திறந்து கிடக்கிறது. பொத்தான் வேலை செய்யவில்லை என்று வந்தது. ரப்பர் பொத்தானுக்கு அடியில் இருக்கும் கரிப்பூச்சு தேய்ந்திருந்தது, வேறு கோளாறு ஏதுமில்லை. உள்ளே பார்க்கப் பெரிதாக ஒன்றும் கிடையாது. ஒரு சின்ன பேட்டரி, பலகையின் ஓரத்தைச் சுற்றி ஓடும் செம்புக்கோடு (அதுதான் ஆன்டெனா), ரேடியோ அலையை உண்டாக்கும் சில பாகங்கள், நடுவே எட்டுக் கால் கொண்ட ஒரு சிப். பூதக்கண்ணாடி வைத்துப் படித்தால் அதன் முதுகில் எச்.சி.எஸ். 301 என்று தெரிகிறது.

பேட்டரியைக் கழற்றினாலும் அழியாத நினைவகம் அந்தச் சிப்பில் மொத்தம் 192 பிட், அதாவது 0 அல்லது 1 எழுதும் 192 இடங்கள். யூனிகோடின் யூ.டி.எஃப்.-8 முறையில் தமிழ் எழுதினால் எட்டுக் குறியோடு நிரம்பிவிடும். அந்த இடத்துக்குள்தான் 64 பிட் ரகசியச் சாவி ஒன்றும், ரிமோட்டின் வரிசை எண்ணும், இதுவரை எத்தனை முறை அழுத்தினார்கள் என்ற கணக்கும் குடியிருக்கின்றன. இந்தக் கணக்கை வைத்துப் பூட்டைத் திறக்கலாம் என்பதுதான் கண்டுபிடிப்பு. பெயர் கீலாக். 1980களின் நடுவில் தென்னாப்பிரிக்காவில் நானோடெக் என்ற நிறுவனத்தில் பிறந்தது. ரிமோட்டும் பூட்டும் பேசிக்கொள்ளும் முறையை வடிவமைத்தவர் பொறியாளர் ஃபிரெட்ரிக் புரூவர். உள்ளே ஓடும் குறியாக்க வழிமுறையை (சாவி இல்லாதவருக்குப் புரியாதபடி எண்ணை மாற்றும் முறையை) உருவாக்கியவர் பிரிட்டோரியா பல்கலைக்கழகத்தின் கிடியன் கூன். அதைச் சிலிக்கனில் இறக்கியவர் வில்லம் ஸ்மிட்.

இருபது ஆண்டுகள் தாக்குப்பிடித்த இந்த முறை 2007, 2008 வாக்கில் பல பக்கமிருந்தும் உடைபட்டது. "கீலாக் உடைந்துவிட்டது" என்று ஒரே வரியில் சொல்லி முடித்துவிடுவது வழக்கம். அதில் எனக்கு உடன்பாடில்லை. மூன்று பேர் மூன்று வேலைகளைச் செய்தார்கள். அதன்மேல் உற்பத்தியாளர்கள் நாலாவதாக ஒரு வேலையைச் செய்தார்கள். எது நின்றது, எது விழுந்தது என்று பிரித்துப் பார்க்காவிட்டால், காப்புரிமையில் இருந்த உண்மையான கண்டுபிடிப்பு எது என்பதே கண்ணில் படாது.

கிளிப்பிள்ளை ரிமோட்

புரூவருக்கு முன்பிருந்த ரிமோட்டுகள் கிளிப்பிள்ளைகள். சொல்லிக்கொடுத்த ஒரே எண்ணை ஒவ்வொரு முறையும் ஒப்பிக்கும். உள்ளே வரிசையாக எட்டோ பத்தோ பன்னிரண்டோ பொடி சுவிட்சுகள் இருக்கும். கேட்டின் பெட்டியிலும் அதே போல வைத்துவிட்டால் கதை முடிந்தது. பன்னிரண்டு சுவிட்சு என்றால் 4,096 எண்கள்தான். பொறுமை உள்ள திருடன் எல்லாவற்றையும் ஒன்றன்பின் ஒன்றாக அனுப்பிப் பார்த்துவிடலாம். பொறுமைகூடத் தேவையில்லை என்று 2015இல் பாதுகாப்பு ஆய்வாளர் சாமி காம்கார் காட்டினார். கைவிடப்பட்ட ஒரு பொம்மைச் செய்திக்கருவியை மாற்றியமைத்து, எண்கள் ஒன்றின்மேல் ஒன்று படியும்படி கோத்து அனுப்பி, இத்தகைய கதவுகளைப் பத்து விநாடிக்குள் திறந்தார். அந்தக் காலத்துக் கதவுகள் அதுவரை உயிரோடு இருந்தன என்பதுதான் அதில் எனக்கு ஆச்சரியம்.

எண்களைக் கூட்டுவதால் மட்டும் இந்த நோய் தீராது. சுவிட்சுக்குப் பதில் அறுபது பிட் எண்ணை வைத்தாலும், அது மாறாத எண் என்றால், பக்கத்தில் நின்று ஒருமுறை பதிவு செய்துகொண்டு பிறகு அப்படியே திருப்பி அனுப்பினால் கதவு திறந்துவிடும். திருடனுக்கு எண்ணின் பொருள் தெரிய வேண்டியதில்லை. சத்தத்தைப் பதிந்து போட்டுக்காட்டினால் போதும்.

இதற்குப் பாடப்புத்தக மருந்து ஒன்று உண்டு: பூட்டு ஒரு கேள்வி கேட்கட்டும், சாவி பதில் சொல்லட்டும், ஒவ்வொரு முறையும் கேள்வி வேறாக இருக்கட்டும். அருமையான முறைதான். ஆனால் அதற்கு ரிமோட்டுக்குக் காதும் வேண்டும். காது என்றால் ரிசீவர். ரிசீவர் என்றால் கூடுதல் பாகம், கூடுதல் விலை, பேட்டரிக்குக் கூடுதல் தீனி. சில்லறை விலைக்கு விற்கும் ஒரு பொருளில் இது கட்டுப்படியாகாது. இன்னொரு வழி கடிகாரம். இரண்டு பக்கமும் நேரம் பார்த்து, அந்த நிமிடத்துக்குரிய எண்ணைச் சொல்லலாம். ஆனால் மலிவான கடிகாரம் வெயிலிலும் குளிரிலும் ஓடிப் பிசகும். பேட்டரி மாற்றும்போது நின்றே போகும்.

வாய் மட்டும் உண்டு, காதில்லை, கடிகாரமும் இல்லை. அப்படிப்பட்ட ஒரு செவிட்டுப் பொருள் ஒவ்வொரு முறையும் புதிதாக ஒன்றைச் சொல்ல வேண்டும். கேட்கும் பூட்டு அதை நம்பவும் வேண்டும். புரூவர் முன்னால் இருந்த கணக்கு இதுதான்.

எண்ணிக்கையும் சாளரமும்

விடை எளிமையானது: எண்ணிக்கொண்டே போவது. பொத்தானை அழுத்தும் ஒவ்வொரு முறையும் ரிமோட் தன் கணக்கில் ஒன்றைக் கூட்டுகிறது. அந்தக் கணக்கைச் சாவியால் குறியாக்கம் செய்து அனுப்புகிறது. கணக்கு 41 என்றும் 42 என்றும் ஒரே ஒரு படி நகர்ந்தாலும், குறியாக்கத்துக்குப் பிறகு வெளியே வரும் 32 பிட்டுகளில் ஏறத்தாழப் பாதி புரண்டிருக்கும். ஒட்டுக்கேட்பவனுக்கு ஒன்றுக்கொன்று தொடர்பே இல்லாத எண்கள் போலத் தெரியும். பூட்டிடமும் அதே சாவி இருப்பதால் அது குறியாக்கத்தை அவிழ்க்கிறது, உள்ளே 42 இருப்பதைப் பார்க்கிறது, "கடைசியாக 41 கேட்டேன், இது அடுத்தது" என்று திறக்கிறது. நேற்றுப் பதிவு செய்த 41ஐ இன்று யாராவது போட்டுக்காட்டினால், அது கழிந்துபோன எண், கதவு அசையாது. இதைத்தான் தாவும் குறியீடு என்கிறார்கள்.

கேட்க எளிதாக இருக்கிறது. சிக்கல் வீட்டுக்குள் தொடங்குகிறது. குழந்தை கையில் ரிமோட் கிடைத்தால் என்ன ஆகும்? கேட்டுக்கு எட்டாத இடத்தில் உட்கார்ந்து இருபது முறை அழுத்தும். ரிமோட்டின் கணக்கு 61க்குப் போய்விடும், பூட்டு 41லேயே நிற்கும். இருவரும் பிரிந்துவிட்டார்கள். காதில்லாத ரிமோட்டிடம் "நீ எங்கே இருக்கிறாய்" என்று கேட்கவும் வழியில்லை.

இங்கேதான் பொறியாளரின் கை தெரிகிறது. பூட்டு தன் கணக்குக்கு முன்னால் ஒரு சாளரத்தைத் திறந்து வைத்துக்கொள்கிறது. அடுத்த 16 எண்களுக்குள் எது வந்தாலும் உடனே திறக்கும். அதற்கும் அப்பால், சுமார் 32 ஆயிரம் வரை, ஒரு இரண்டாம் சாளரம். அதற்குள் ஒரு எண் வந்தால் பூட்டு திறக்காது, ஆனால் நினைவில் வைத்துக்கொள்ளும். உடனடியாக அதற்கு அடுத்த எண்ணும் வந்தால், "சரி, நீதான்" என்று ஏற்றுக்கொண்டு தன் கணக்கை அங்கே நகர்த்திக்கொள்ளும். வீட்டுக்காரர் இதையெல்லாம் அறியமாட்டார். ஒருமுறை அழுத்தினார், திறக்கவில்லை, எரிச்சலோடு மறுபடி அழுத்தினார், திறந்தது. மனிதர்கள் இயல்பாக எப்படியும் செய்யப்போகிற ஒன்றையே ஒத்திசைவுக்கான கருவியாக ஆக்கியிருக்கிறார்கள். இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. மீதி உள்ள பாதி எண்கள், அதாவது கழிந்துபோனவை, அடைக்கப்பட்ட பகுதி. அங்கிருந்து எது வந்தாலும் செல்லாது.

அந்த 32 பிட்டுக்குள் என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்த்தால், எண்ணிக்கைக்கு 16 பிட், எந்தப் பொத்தான் என்பதற்கு 4 பிட், எண்ணிக்கை நிரம்பி வழிந்தால் குறித்துக்கொள்ள 2 பிட், சரியாக அவிழ்ந்ததா என்று சோதிக்க 10 பிட். இதோடு குறியாக்கம் செய்யாத வரிசை எண் 28 பிட்டும், பொத்தான் மறுபடி 4 பிட்டும், பேட்டரி நிலைமை போன்ற இரண்டு பிட்டும் சேர்த்து, ஒருமுறை அழுத்தினால் 66 பிட் காற்றில் போகும். பதினாறு பிட் என்றால் 65,536 அழுத்தல்கள். ஒரு நாளைக்குப் பத்து முறை அழுத்தினால் 18 ஆண்டு ஓடும். வரிசை எண்ணைத் தெரிந்துகொண்டு, மீதியைக் குருட்டாம்போக்கில் ஊகித்து அனுப்புகிறவனுக்கு ஒரு குறிப்பிட்ட பொத்தானின் 16 எண்களில் ஒன்று வாய்க்க, ஒவ்வொரு முயற்சிக்கும் சுமார் 27 கோடியில் ஒரு வாய்ப்பு. கேட்டுக்கு இது தாராளம்.

இரண்டு காப்புரிமைகள்

இந்த முறைக்கு அமெரிக்காவில் 5,517,187 என்ற எண்ணில் 1996 மே மாதம் காப்புரிமை கிடைத்தது. புரூவர், ஸ்மிட், கூன் மூவரும் கண்டுபிடிப்பாளர்கள். ஐரோப்பாவில் அதன் எண் 0459781. இதை அடுத்து 1997இல் 5,686,904 என்ற எண்ணில் இன்னொன்று. "பாதுகாப்பாகத் தானே கற்றுக்கொள்ளும் அமைப்பு" என்பது அதன் பொருள்.

முதலாவது பிரபலம். ஆனால் சந்தையைப் பிடித்துக் கொடுத்தது இரண்டாவதுதான் என்று நினைக்கிறேன். ஒரு ரிமோட் தொலைந்துபோகிறது. புதிதாக ஒன்று வாங்கிவருகிறீர்கள். அதன் சாவி பூட்டுக்குத் தெரியாது. சாவியைக் காற்றில் அனுப்பினால் யாரும் கேட்டுவிடலாம். பூட்டைக் கழற்றித் தொழிற்சாலைக்கு அனுப்பவும் முடியாது. கீலாக் கையாண்ட வழி இது: ஒவ்வொரு உற்பத்தியாளருக்கும் 64 பிட்டில் ஒரு தலைச்சாவி. ரிமோட்டின் வரிசை எண்ணையும் தலைச்சாவியையும் சேர்த்து ஒரு கணக்குப் போட்டால் அந்த ரிமோட்டின் தனிச்சாவி கிடைக்கும். தொழிற்சாலையில் இந்தக் கணக்கைப் போட்டுத் தனிச்சாவியை மட்டும் ரிமோட்டில் எழுதுகிறார்கள். பூட்டிடம் தலைச்சாவி இருக்கிறது. பூட்டைக் கற்கும் நிலையில் வைத்துப் புது ரிமோட்டை அழுத்தினால், திறந்தபடி வரும் வரிசை எண்ணைக் கொண்டு பூட்டு தானே தனிச்சாவியைக் கணக்கிட்டு நினைவில் வைத்துக்கொள்ளும். வீட்டுக்காரருக்கு வேலை இரண்டே அழுத்தல்.

இன்னும் இறுக்கமான ஒரு வகையும் இருந்தது. அதில் வரிசை எண்ணுக்குப் பதிலாக, ரிமோட்டுக்குள் ஒளிந்திருக்கும் ஒரு விதை எண், கற்கும்போது மட்டும் ஒருமுறை வெளியே வரும். ஒட்டுக்கேட்பவன் அந்த நொடியில் அங்கே இருந்தால்தான் பிடிக்க முடியும். இது நல்ல ஏற்பாடு. ஆனால் எளிய வழி ஒன்று பக்கத்தில் இருக்கும்போது யார் கடினமான வழியைத் தேர்ந்தெடுப்பார்கள்?

1995இல் அமெரிக்காவின் மைக்ரோசிப் டெக்னாலஜி ஒரு கோடி டாலர் அளவுக்குக் கொடுத்து கீலாக்கை வாங்கியது. அதன் பிறகுதான் எச்.சி.எஸ். வரிசைச் சிப்புகள் உலகமெங்கும் கார் அலாரங்களிலும் கராஜ் கதவுகளிலும் புகுந்தன. ஒரு ரிமோட்டுக்குள் புகும் விலையில், நுண்கணினி எதுவும் இல்லாமல், இவ்வளவு வேலை செய்யும் ஒரு சிப் வேறு எங்கும் எளிதில் கிடைக்கவில்லை.

மூடி வைத்தது

காப்புரிமை என்பது ஒரு பேரம். எப்படிச் செய்தாய் என்று ஊருக்குச் சொல். பதிலுக்குச் சில ஆண்டுகள் உனக்கு மட்டும் உரிமை. எண்ணிக்கை, சாளரம், கற்றல் எல்லாம் இந்தப் பேரத்துக்குள் வந்தன. சிப்பில் ஓடும் குறியாக்க வழிமுறையின் முழு விவரமோ தனியாக, உரிமம் வாங்கி ரகசிய ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர்களுக்கு மட்டும் காட்டப்பட்டது. ஒரே பொருளின் ஒரு பாதி சந்தை நடுவில், மறுபாதி பூட்டிய அறையில்.

பூட்டிய அறைக் காகிதம் 2006இல் கசிந்தது. குறியாக்க ஆய்வாளர்கள் அன்றுதான் கூனின் வழிமுறையை முதன்முதலாக ஊன்றிப் பார்த்தார்கள்.

அது பார்க்க அழகாகத்தான் இருந்தது. 32 அறைகள் கொண்ட ஒரு வரிசை. ஒவ்வொரு அடிக்கும் எல்லா பிட்டும் ஓர் அறை நகர்கின்றன. ஐந்து அறைகளிலிருந்து எடுத்த பிட்டுகளை ஒரு சிறு அட்டவணையில் பார்த்து, இன்னும் இரண்டு அறைகளின் பிட்டையும் சாவியின் ஒரு பிட்டையும் கலந்து, வரும் விடையைக் காலியான கடைசி அறையில் போடுகிறார்கள். இப்படி 528 அடி. சிலிக்கனில் மிகக் குறைந்த இடத்தில் அடங்கும். 1980களில் அந்த விலையில் இதைவிட நன்றாகச் செய்திருக்க முடியுமா என்பது எனக்குச் சந்தேகம்தான்.

ஆனால் தாளத்தைக் கவனியுங்கள். சாவி 64 பிட். 64 அடியில் சாவி ஒரு சுற்று முடிந்து மறுபடி முதல் பிட்டுக்கு வந்துவிடுகிறது. எட்டு ஆவர்த்தனம், மேலே பதினாறு அடி: மொத்தம் 528. ஒவ்வொரு ஆவர்த்தனமும் அச்சு அசலாக ஒன்றுதான். எத்தனை முறை பாடினாலும் ஒரே பல்லவி என்றால், பாட்டு நீளமாக இருப்பதில் என்ன பயன்? ஓர் ஆவர்த்தனத்தைப் பிடித்துவிட்டால் முழுப் பாட்டும் கையில். இதற்குச் சறுக்குத் தாக்குதல் என்று பெயர். 1990களின் கடைசியிலேயே குறியாக்க ஆய்வுலகில் தெரிந்த விஷயம். வழிமுறை வெளியில் இருந்திருந்தால் அப்போதே யாராவது விரல் நீட்டியிருப்பார்கள்.

2007இல் ஆந்த்ரே போக்தானோவ் முதல் பகுப்பாய்வை வெளியிட்டார். நிக்கோலா குர்த்வா இயற்கணிதப் பக்கமிருந்து வந்தார். இவை இரண்டும் ஏட்டளவில் பெரிய வெற்றி, தெருவளவில் ஒன்றும் இல்லை. 2008இல் பெல்ஜியத்தின் லூவன் பல்கலைக்கழகமும் இஸ்ரேலிய ஆய்வாளர்களும் சேர்ந்து செய்தது நடைமுறைக்கு இறங்கியது. கீலாக்கில் காதுள்ள, கேள்வி கேட்டால் பதில் சொல்லும் வகையும் உண்டு; அந்தச் சாவியை 65 நிமிடம் கையில் வைத்திருந்தால் தேவையான 65,536 கேள்வி-பதில் இணைகளைத் திரட்டிவிடலாம். பிறகு 64 கணிப்பொறிக் கருக்களில் (கோர்களில்) 7.8 நாள் ஓடவிட்டால் சாவி வெளியே வரும். அதில் ஒரு வரி வயிற்றைக் கலக்குவது: சில அமைப்புகளில் ஒரு சாவியை உடைத்தாலே அந்த வரிசைப் பொருள்கள் எல்லாவற்றுக்குமான தலைச்சாவி கிடைத்துவிடும். தனிச்சாவி உண்டாக்கும் கணக்கை எளிமையாக, வரிசை எண்ணைத் தலைச்சாவியோடு வெறுமனே கலந்து செய்த இடங்களில், திருப்பிக் கழித்தால் தலைச்சாவி வந்து நின்றது.

சிப் மூச்சுவிடும் சத்தம்

உண்மையான அடி அதே ஆண்டில் ஜெர்மனியில் போகும் (Bochum) என்ற நகரிலிருந்து வந்தது. ரூர் பல்கலைக்கழகத்தில் ஐசன்பார்த், காஸ்பர், மொராதி, பார் ஆகியோர் அடங்கிய குழு கணிதத்தோடு மல்லுக்கட்டவில்லை. சிப் வேலை செய்யும்போது எவ்வளவு மின்சாரம் குடிக்கிறது என்று அளந்தார்கள். ஒரு பிட் புரண்டால் கொஞ்சம் கூடுதல், புரளாவிட்டால் கொஞ்சம் குறைவு. இந்த ஏற்ற இறக்கத்தை அலைமானியில் (ஆசிலாஸ்கோப்பில்) பதிந்து, "சாவியின் முதல் பிட் இதுவாக இருந்தால் அலை இப்படி இருக்க வேண்டும்" என்று ஒவ்வொரு ஊகமாக ஒப்பிட்டுப் பார்த்தால், சாவி பிட் பிட்டாக அவிழும்.

ரிமோட் சிப்புக்குப் பத்துப் பதிவுகள் போதுமானதாக இருந்தன. சில நிமிட வேலை. ஆனால் ஒரு ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு அதை நகலெடுப்பது பெரிய திருட்டு அல்ல. கையில் இருக்கும் ரிமோட்டை வைத்தே கதவைத் திறந்துவிடலாமே. அவர்கள் குறிவைத்தது பூட்டுப் பக்கம். அங்கே கீலாக் ஒரு சாதாரண நுண்கணினியில் மென்பொருளாக ஓடிக்கொண்டிருந்தது, தலைச்சாவி அதற்குள் இருந்தது. ஒரு பூட்டை விலைகொடுத்து வாங்கி, வீட்டில் வைத்துப் பொறுமையாக அளந்து, தலைச்சாவியை எடுத்துவிட்டார்கள். அதன் பிறகு அந்த உற்பத்தியாளரின் எந்த ரிமோட்டும் தப்பாது. தெருவில் நின்று அதிகபட்சம் இரண்டு செய்திகளை ஒட்டுக்கேட்டால், வரிசை எண்ணிலிருந்து தனிச்சாவி, தனிச்சாவியிலிருந்து இன்றைய எண்ணிக்கை, அதிலிருந்து நாளைய எண். மறு ஆண்டு இந்தக் குழுவினரே பூட்டின் மின்னோட்டத்தை ஒரே ஒருமுறை பதிந்தால் போதும் என்று காட்டினார்கள்.

இந்தக் குழுவின் முதல் கட்டுரையில் ஒரு கூர்மையான கவனிப்பு இருக்கிறது: கடினமான பகுதியை நிபுணரிடம் ஒப்படைத்துவிடலாம். தலைச்சாவியை யாரோ ஒருவர் ஒருமுறை எடுத்து விற்றுவிட்டால், வாங்குகிறவனுக்குக் கணிதமும் தெரிய வேண்டாம், மின்னணுவும் தெரிய வேண்டாம்.

இந்தத் தோல்வி யாருடையது? வழிமுறையின் தாளக் குறை கூனின் கணக்கில் சேரும். ஆனால் தலைச்சாவி களவுபோனதற்கும் அந்தத் தாளத்துக்கும் நேரடித் தொடர்பு குறைவு. பாதுகாப்பில்லாத நுண்கணினியில் ஓடியிருந்தால் அந்நாளைய வேறு நல்ல குறியாக்கமும் மின்சார அளவீட்டுக்குப் பலியாகியிருக்கும். ஊருக்கெல்லாம் ஒரே கொத்துச்சாவியைச் செய்து, அதன் பிரதியை விற்கும் ஒவ்வொரு பூட்டுக்குள்ளும் வைத்தார்கள். அது உற்பத்தியாளர்களின் வசதிக்கான முடிவு. அதற்கு வழிவிட்டது புரூவரின் இரண்டாம் காப்புரிமை. விதை எண் வகையையும் வடிவமைத்துக் கொடுத்ததும் அதே தரப்புத்தான் என்பதால், அவரை முழுக்கக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற எனக்கு மனமில்லை.

சாளரத்தின் வழியே

எண்ணிக்கையும் சாளரமும் என்ன ஆயின? குறியாக்கம் உடைந்ததால் அவை உடையவில்லை. கூனின் வழிமுறையை எடுத்துவிட்டு ஏ.இ.எஸ். என்ற பொதுத்தரக் குறியாக்கத்தை வைத்தால் அதே அமைப்பு அப்படியே ஓடும். மைக்ரோசிப் பின்னாளில் அத்தகைய சாதனங்களையும் கொண்டுவந்தது. ஆனால் சாளரத்துக்கென்று சொந்த வியாதி உண்டு. அது முதலில் நீதிமன்றத்தில் வெளிப்பட்டது, கீலாக்கில் அல்ல, அதன் பங்காளி ஒன்றில்.

அமெரிக்காவில் சேம்பர்லின் என்ற கராஜ் கதவு நிறுவனம் தன் சொந்தத் தாவும் குறியீட்டு முறையை வைத்திருந்தது. ஸ்கைலிங்க் என்ற நிறுவனம் எந்தக் கதவுக்கும் பொருந்தும் ஒரு ரிமோட்டைச் செய்தது. அது சேம்பர்லினின் தாவும் கணக்கைப் போடவே இல்லை. மாறாத மூன்று எண்களை வரிசையாக அனுப்பியது. பிரிந்துபோன ரிமோட்டை மறுபடி சேர்த்துக்கொள்ளும் ஏற்பாடு இருக்கிறதல்லவா, அந்த வாசலைத் தட்டியது. கதவு, "ஓ, பிரிந்துபோன பிள்ளை" என்று திறந்தது. பதிப்புரிமைக் காப்பை உடைத்துவிட்டார்கள் என்று சேம்பர்லின் வழக்குப் போட, தன் கதவைத் திறக்க வீட்டுக்காரருக்கு உரிமை உண்டு என்ற அடிப்படையில் 2004இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஸ்கைலிங்க் பக்கம் தீர்ப்பளித்தது.

அடுத்தது 2015, லாஸ் வேகஸில் நடந்த டெஃப்கான் என்ற ஹேக்கர் மாநாடு. முன்பு சொன்ன அதே காம்கார், சுமார் 32 டாலர் செலவில் செய்த ஒரு கையடக்கக் கருவியைக் காட்டினார். காரின் அருகே அதை ஒளித்துவைத்தால் போதும். நீங்கள் ரிமோட்டை அழுத்துகிறீர்கள். கருவி இரைச்சலைக் கிளப்பிக் காரின் காதை அடைத்துவிட்டு, உங்கள் எண்ணைத் தான் பதிந்துகொள்கிறது. கார் திறக்கவில்லை. இயல்பாக மறுபடி அழுத்துகிறீர்கள். மறுபடி காதை அடைத்து இரண்டாவது எண்ணையும் பதிந்துகொண்டு, உடனே முதல் எண்ணைக் காருக்கு அனுப்புகிறது. கார் திறந்துகொள்கிறது. "பேட்டரி தளர்ந்துவிட்டது போல" என்று நினைத்துப் போய்விடுகிறீர்கள். இரண்டாவது எண் யாரும் பயன்படுத்தாமல், முழு மதிப்போடு, கருவியை ஒளித்துவைத்த திருடனின் சட்டைப்பையில்.

குறியாக்கத்தைக் காம்கார் தொடவே இல்லை. எந்தச் சாவியும் தெரியாது. ஒருமுறை திறக்காவிட்டால் மனிதன் மறுபடி அழுத்துவான் என்ற, புரூவர் துணைக்கு வைத்துக்கொண்ட அதே பழக்கத்தைத்தான் அவரும் பிடித்துக்கொண்டார். எண்ணிக்கைக்கு வரிசை தெரியும், நேரம் தெரியாது. 42 என்ற எண் இப்போது பிறந்ததா, மூன்று மணி நேரத்துக்கு முன் பிறந்து யாரோ ஒருவரின் பையில் தூங்கியதா என்று பூட்டுக்குச் சொல்ல ஆளில்லை. இதற்கு மருந்து, 1980களில் கட்டுப்படியாகாது என்று ஒதுக்கிய அதே இரண்டும்தான்: கடிகாரம் அல்லது காது. மைக்ரோசிப் பின்னாளில் கொண்டுவந்த கீலாக் வகைகளில் சிறிது நேரத்தில் காலாவதியாகும் எண்கள் வந்தன. புதிய கார்கள் பல, கேள்வி கேட்டுப் பதில் வாங்கும் இருவழிப் பேச்சுக்குப் போய்விட்டன. அங்கே வேறு திருடர்கள், வேறு கதை.

புரூவர் கீலாக்கோடு நின்றுவிடவில்லை. அசோடெக் என்ற நிறுவனத்தைத் தொடங்கி, தொடுவதை உணரும் சிப்புகளுக்கும், டார்ச் விளக்கின் ஒற்றைப் பொத்தானுக்குப் பின்னால் மூளை வைக்கும் முறைக்கும் காப்புரிமைகள் எடுத்தார். அங்கேயும் மலிவான ஒரு பொத்தான்தான், அதற்குப் பின்னால் ஒரு பொடிச் சிப்தான். 5,517,187 எப்போதோ காலாவதியாகிவிட்டது. எண்ணிக்கையையும் சாளரத்தையும் இன்று யார் வேண்டுமானாலும் கட்டணமில்லாமல் எடுத்தாளலாம். பலர் எடுத்தாளுகிறார்கள், யாருடையது என்று தெரியாமலே.

மேசையில் இருந்த ரிமோட்டுக்குப் பொத்தானில் கொஞ்சம் கடத்தும் பூச்சு தடவி மூடினேன். சோதனைக்காக ஏழெட்டு முறை அழுத்தினேன். சிறு விளக்கு மினுங்கியது. கேட்டோ எட்டாத தூரத்தில். கொடுக்கும்போது உரியவரிடம் சொல்லிவிட்டேன், நான் அழுத்தியது பதினாறைத் தாண்டவில்லை, முதல் அழுத்தலிலேயே திறக்கும் என்று. அவர் என்னை ஒருமாதிரிப் பார்த்தார்.